பிள்ளைத்தாச்சிப் பேய்க்கு வளையல்

நான் நடித்தது ஆறு பேய்ப்படங்கள். நடித்தது என்று சொல்வதே அதிகம். அரிசிமாவையும் பவுடரையும் குழைத்து முகத்தில் அப்பி, தலையை விரித்துவிட்டு, சும்மா நட என்பார்கள். நடப்பேன். நாலு சாம்பிராணிச் சட்டியை வைத்து விசிறினால் அதுதான் பனிமூட்டம். டைரக்டர் இருமலாம், நான் இருமக் கூடாது. பேய் இருமாதாம்! என் சிரிப்பைக்கூட வெற்றிலை குதப்பிக்கொண்டே வேறொரு அம்மாள்தான் சிரித்துக் கொடுத்தாள்.

கடைசிப் படத்தில் கொஞ்சம் உயர்வு. நிறைமாதத்தோடு கிணற்றில் விழுந்து செத்து, பேயாக வர வேண்டும். வயிற்றில் ஒரு பழைய தலையணையைக் கட்டி இறக்கினார்கள். அது தண்ணீரில் ஊறி என்னை உள்ளே இழுத்தது. உயிர் போகிற மாதிரி கத்தினேன். பிரமாதம் என்று கை தட்டினார்கள், கழுதைகள்.

போதுமடா சாமி என்று, சுரங்கத்தில் வேலை பார்த்த தூரத்து உறவுக்காரரைக் கட்டிக்கொண்டு நெய்வேலிக்கு வந்துவிட்டேன். சினிமாக்காரியைக் கட்டியிருக்கிறேன் என்று அவர் ஷிப்டு முழுக்கப் பீற்றிக்கொண்டார். இரண்டு பிள்ளைகள் பிறந்தன.

பக்கத்துக் குவார்ட்டர்ஸில் ஒரு சின்னப்பெண், மேல்பட்டாம்பாக்கத்துக்காரி. முதல் பிள்ளை உண்டாகி, குடித்த தண்ணீரும் தங்காமல் கிடந்தாள். மூன்று மாதம் அவளுக்குக் கஞ்சி வைத்துக் கொடுத்தவள் நான். ஏழாம் மாத வளைகாப்புக்கு முதல் வளையல் அக்காதான் போட வேண்டும் என்று அவளே கேட்டாள். பெரிய விருதே கிடைத்ததுபோல் எனக்குத் தலைகால் புரியவில்லை. பண்ருட்டிக்குப் போய் அவள் கை அளவுக்கு இரண்டு டஜன் பச்சைக் கண்ணாடி வளையல் வாங்கி வந்தேன்.

அந்த வாரம் பார்த்துத்தானா திறந்தவெளியில் என் கடைசிப் படத்தைப் போட வேண்டும்! எங்கள் குவார்ட்டர்ஸ் பிளாக்கே பாய் தலையணையோடு போய்ப் பார்த்தது. மறுநாள் குழாயடியில் ஒருத்தியும் என் குடத்தை ஒட்டி அவள் குடத்தை வைக்கவில்லை. மெஷின் ஓட்டுகிறவர்களின் பெண்டாட்டிகள், பிள்ளைகளை இங்கிலீஷ் படிக்க வைக்கிறவர்கள்! இவர்கள் மூளையையும் நிலக்கரியோடு சேர்த்து வெட்டி எடுத்துவிட்டார்களோ என்னவோ.

அன்று மாலையே அந்தப் பெண்ணின் மாமியார், சேத்தியாத்தோப்பிலிருந்து வந்திருந்தவள், என் வாசற்படி ஏறாமல் நின்றாள்.

"தப்பா நெனச்சிக்காதம்மா. எல்லாரும் பேசிக்கினு இருக்காங்க. புள்ளத்தாச்சியா செத்த மொவம். அந்தக் கை எம் மருமவ மேல பட வேணாங்க."

அது தலையணை என்றேன். அவள் தலையை ஆட்டிவிட்டுப் போய்விட்டாள். என் வீட்டுக்காரரிடம் சொல்லி அழுதேன். பீற்றிக்கொண்ட அந்த மனுஷர், ஒருநாள் வீட்டிலேயே இருந்தால் குறைந்தா போய்விடுவாய் என்று கேட்டுவிட்டு, ஷிப்டுக்கு நேரமாகிறதென்று சைக்கிளை எடுத்தார்.

வளைகாப்பன்று நடுச்சுவருக்கு அந்தப் பக்கம் பாட்டும் சிரிப்பும். அந்தப் பெண்ணாவது ஒரு வார்த்தை எனக்காகப் பேசுவாள் என்று காது கொடுத்துக்கொண்டே இருந்தேன். பேசவில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வளையல்களை எடுத்தேன். என் கைக்கு ஏறவில்லை. சோப்புப் போட்டுத் திணித்தேன். நாலு உடைந்து மணிக்கட்டில் கிழித்தது. மிச்சத்தை இரண்டு கையிலும் அடுக்கிக்கொண்டு, வேண்டுமென்றே வாசலில் போய் உட்கார்ந்தேன்.

சாயங்காலம் அவளைத் தாய்வீட்டுக்கு அழைத்துப் போனார்கள். முழங்கைவரை வளையலோடு தலையைக் குனிந்தபடி வந்தவள், என் வாசலுக்கு நேரே நின்றுவிட்டாள். மாமியார் இழுத்தும் நகரவில்லை. சதையில் பதிந்திருந்த பச்சை வளையல்களையே பார்த்தாள்.

"அக்கா, அது எங் கை அளவாச்சே."

"ஆமாடி. உன் அளவுதான்."