பதினெட்டாம் தேதி வந்த கடிதம்

கூட்டுறவு வங்கியில் தபால் பிரிவைப் பார்த்துக்கொண்டிருந்தவளை எல்லாரும் தேதியக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். கல்யாணப் பத்திரிகையை நீட்டினாலும் பெண் யார், மாப்பிள்ளை யார் என்று பார்க்க மாட்டாள். தேதியைத்தான் முதலில் பார்ப்பாள். ஐம்பத்திரண்டு வயது. அவளுக்குக் கல்யாணம் கூடிவரவில்லை. ஒரு பல் மருத்துவரின் கிளினிக்குக்கு மேலே, மாடியில் ஒற்றை அறை. மற்ற நாளில் கீழேயிருந்து பல் குடையும் சத்தமாவது வரும். ஞாயிற்றுக்கிழமை அதுவும் இருக்காது. அன்றைக்குத் தங்கை போன் பண்ணுவாள். வாரத்தில் அவள் வாய்விட்டுச் சிரிப்பது அந்த ஒரு மணி நேரம்தான்.

வங்கியின் தலைவர் தன் சொந்தக்காரர்களுக்கும் வேண்டியவர்களுக்கும் கடனை அள்ளிவிட்டார் என்று ஊரே பேசியது. கேட்க நாதியில்லாமல் கிடந்தது. கடைசியில் அரசாங்கம் நிர்வாகக் குழுவைக் கலைத்து, வங்கியை நடத்தத் தனி அலுவலர் ஒருவரை அனுப்பியது. அன்று பதினாறாம் தேதி. தங்கையின் கணவர் டெபாசிட்தாரர் சங்கத்தின் செயலாளர். மூன்று வருஷமாக மனு எழுதி எழுதிக் கை ஓய்ந்தவர். வீடு கட்டச் சேர்த்ததெல்லாம் அங்கேதான் மாட்டிக் கிடந்தது. அன்று அவரே போனை வாங்கி, "அக்கா, நல்ல காலம் பொறந்திருச்சு" என்றார். அவளுக்கும் வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது.

பதினெட்டாம் தேதி கூட்டுறவுப் பதிவாளர் அலுவலகத்திலிருந்து ஓர் ஊழியர் ஒரு கடிதத்தோடு வந்தார். குழுவை ஏன் கலைக்கக் கூடாது, பதினைந்து நாளில் பதில் சொல்லுங்கள் என்று தலைவருக்கு எழுதியிருந்தது. கலைத்து இரண்டு நாள் ஆகிவிட்டது. கேள்வி இப்போதுதான் வருகிறது. ஆனால் கடிதத்தின் மேலே ஒன்றாம் தேதி போட்டிருந்தது. அவள் வழக்கம்போல அன்றைய முத்திரையைக் குத்தி, பதிவேட்டிலும் எழுதிவிட்டாள். ஊழியருக்கு முகம் வெளுத்தது.

"ஒண்ணாம் தேதியே வந்த மாதிரி போட்டிருக்கலாமேக்கா."

"இன்னைக்குத்தானே வந்துச்சு?"

தலைவர் சும்மா இருப்பாரா? கோர்ட்டுக்குப் போனார். விளக்கம் கேட்காமல் கலைத்தது செல்லாது என்றார் அவருடைய வக்கீல். கேட்டோம், காலத்தோடு கேட்டோம் என்றது அரசுத் தரப்பு. தபால் பதிவேட்டை, எழுதியவரே நேரில் கொண்டுவரட்டும் என்று நீதிபதி சொல்லிவிட்டார்.

தனி அலுவலர் நல்ல மனிதர். அவளை அறைக்குக் கூப்பிட்டு உட்காரச் சொன்னார்.

"நான் எதையும் மாத்தச் சொல்லலம்மா. கேட்டா, சரியா ஞாபகம் இல்லன்னு சொல்லலாம். எழுத லேட் ஆகியிருக்கும்னு சொல்லலாம். அந்த ஆள் திரும்பி வந்தா மிச்சம் மீதியையும் வழிச்சு எடுத்துட்டுப் போயிருவார்."

"தெரியும் சார்."

அவர் சொன்னது உண்மை என்பதுதான் அவளை அரித்தது. யாரிடம் யோசனை கேட்பது? தங்கையிடம் கேட்டால் என்ன பதில் வரும் என்று தெரியும்.

கோர்ட்டில் ஐந்து நிமிஷம்கூட ஆகவில்லை.

"இந்தக் கடிதம் என்னைக்கு வந்தது?" என்று கேட்டார் நீதிபதி.

"பதினெட்டாம் தேதிங்க."

"எழுதத் தாமதம் ஆச்சா?"

"இல்லீங்க. கொண்டுவந்தவரை எதிர்ல நிக்க வச்சுத்தான் எழுதினேன்."

பின்வரிசையிலிருந்து தங்கையின் கணவர் எழுந்து வெளியே போவதைப் பார்த்தாள்.

கலைப்பு உத்தரவு ரத்தானது. தலைவர் திரும்பி வந்ததும் நேரே அவள் மேசைக்கு வந்து, நாலு பேர் காதில் விழுகிற மாதிரி, "நீ நம்ம ஆளுன்னு எனக்கு அப்பவே தெரியும்" என்றார்.

"நான் யாரோட ஆளும் இல்லீங்க."

அவள் சொன்னது யார் காதிலும் ஏறவில்லை; அவர் சொன்னது சாயங்காலத்துக்குள் ஊர் பூராவும் போய்விட்டது. அதற்குப் பிறகு மதியம் அவள் டிபன் பாக்ஸைத் திறந்தால் மற்றவர்களுக்கு அவசர வேலை வந்துவிடும். தலைவரின் ஆட்கள் மட்டும் பார்த்துச் சிரிப்பார்கள். அந்தச் சிரிப்புக்கு, மற்றவர்கள் விலகிப் போவதே தேவலாம் என்றிருக்கும். தங்கை ஒரே ஒரு தடவை கூப்பிட்டாள்.

"ஊருக்கெல்லாம் நியாயம் பாத்தியே, எங்களை ஒரு நிமிஷம் நெனச்சியா?"

"நெனச்சேன்டி."

"நெனச்சுமா அப்படிச் சொன்னே?"

அவ்வளவுதான். ஞாயிற்றுக்கிழமைகளில் போன் மேசையிலேயே கிடந்தது.

ஒருமுறை காய்ச்சலில் மூன்று நாள் படுத்துவிட்டாள். மூன்றாம் நாள் யாரோ கதவைத் தட்ட, சுவரைப் பிடித்துக்கொண்டு போய்த் திறந்தாள். வங்கிக் காவலாளி. பீரோ சாவி வேண்டுமாம். எடுத்துக் கொடுத்தாள். உடம்புக்கு என்ன என்று கேட்பார் என்று கதவைச் சாத்தாமல் நின்றாள். அவர் படியிறங்கித் தெருமுனையைத் தாண்டிவிட்டார்.

அரசாங்கம் மறுபடி முறையாக விளக்கம் கேட்டு, பதினைந்து நாள் பொறுத்து, பதிலையும் படித்துவிட்டுக் குழுவைக் கலைத்தபோது ஐந்து மாதம் ஓடியிருந்தது. தலைவர் திரும்பவும் கோர்ட்டுக்குப் போனார். இந்தத் தடவை பாச்சா பலிக்கவில்லை. ஆனால் அந்த ஐந்து மாதத்தில் போனது போனதுதான். டெபாசிட் தவணை தவணையாகத்தான் கிடைக்கும் என்று வாசலில் அறிவிப்பு ஒட்டினார்கள். தங்கையின் புதுவீட்டுச் சுவர் ஜன்னல் மட்டத்தோடு நின்றது. பழைய தனி அலுவலரே திரும்பி வந்தார். அவளைப் பார்த்துத் தலையை அசைத்ததோடு சரி.

தான் சொன்னது தப்பு என்று அவளுக்கு ஒருநாளும் தோன்றவில்லை. அந்தப் பாதிச் சுவரை நினைத்தால்தான் தூக்கம் போய்விடும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பஸ் ஏறித் தங்கை வீட்டுக்குப் போனாள். தங்கை கதவைப் பாதி திறந்து, "அவர் வீட்ல இருக்கார். இன்னொரு நாள் வா" என்றாள். பஸ் நிறுத்தத்தில் வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள். இன்னொரு நாள் என்றுதானே சொன்னாள், வராதே என்று சொல்லவில்லையே என்று தனக்குள்ளேயே வாதாடினாள்.

அடுத்த ஞாயிறும் போனாள். இந்தமுறை திறந்தது தங்கையின் கணவர். ஏற இறங்கப் பார்த்தார். உள்பக்கம் திரும்பி, "உங்க அக்கா வந்திருக்காங்க" என்று குரல் கொடுத்துவிட்டு, செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போனார்.

தங்கை அடுப்படியில் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள். தொட்டியில் பாத்திரங்கள் குவிந்து கிடந்தன. அக்கா சேலையைச் செருகிக்கொண்டு, ஒவ்வொன்றாக எடுத்துத் தேய்க்கத் தொடங்கினாள். கொஞ்ச நேரம் பொறுத்து, தங்கை ஒரு துணியை எடுத்துவந்து பக்கத்தில் நின்று துடைத்தாள்.