நிருபத்தில் பெயருள்ள லியோனாஸ்

எங்கள் திராலெஸ் சபையில் லியோனாஸைத் தெரியாதவர் கிடையாது. தெரியாமல் இருக்க அவன் விட்டால்தானே. வெளியூர் விசுவாசி ஒருவர் வந்து கால் கழுவி உட்காருவதற்குள் எதிரே போய் நிற்பான். "நான்தான் லியோனாஸ்" என்பான். வந்தவர் திருதிருவென்று விழித்தால், "அப்போஸ்தலர் நிருபத்துல கடைசியில வருவேன்" என்று, குடியிருக்கும் தெருவைச் சொல்வது போலச் சொல்வான்.

அது பொய்யில்லை. எங்கள் சபைக்கு அப்போஸ்தலர் கடிதமாக எழுதிய நிருபம் ஒன்று இருந்தது. வாராவாரம் கூட்டத்தில் அதை வாசிப்போம். அதன் முடிவில் ஆறேழு பேரைப் பெயர் சொல்லி வாழ்த்திவிட்டு, "குளியல் கூடத்தில் உலை மூட்டும் லியோனாஸையும் நான் விசாரித்ததாகச் சொல்லுங்கள்" என்று எழுதியிருந்தார். மற்றவர்கள் எல்லாரும் ஒவ்வொருவராகப் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். கடைசியில் மிஞ்சியவன் இவன்தான்.

அந்த நிருபம் ஏன் வந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். அப்போதெல்லாம் சபை கூடியது ஒரு பெரிய வீட்டில். சபையை இன்று நடத்தும் மூப்பர் தேமேயாஸின் அப்பா வீடு அது. நான் அந்த வீட்டு அடுக்களையில் அடிமை. வெயில் தாழ்ந்ததும் வீட்டுக்காரரும் அவருடைய சிநேகிதர்களும் சாய்ந்து படுத்துக்கொண்டு, எல்லாருக்குமான பந்தியை மீனும் திராட்சரசமுமாக முடித்துவிடுவார்கள். லியோனாஸ் அப்போது பொடியன், ஊர்க் குளியல் கூடத்து அடிமை. கடைசி ஆள் குளித்துவிட்டுப் போனால்தான் உலையை விட்டு நகரலாம். ஒருநாள் கரியும் சாம்பலுமாக ஓடி வந்தான். சட்டியில் முள்தான் கிடந்தது. எட்டிப் பார்த்துவிட்டுச் சுவரோரம் உட்கார்ந்தான். வீட்டுக்காரர் ஒரு ஏப்பம் விட்டு, "சரி, ஜெபம் பண்ணலாமா?" என்றார். அந்தச் சட்டியைக் கழுவியவள் நான்.

சேதி எப்படியோ அப்போஸ்தலர் காதுக்குப் போயிற்று. நிருபம் வந்தது. "உங்களில் ஒருவன் பசித்தவன் பங்கையும் தின்று ஏப்பம் விடுகிறான், அது ஆண்டவருடைய பந்தியா, அவன் வயிற்றுக்கு வைத்த படையலா?" என்று ஒரு வரி. பெயர் போடவில்லை. பெரிய வீட்டுக்காரர் பெயரை யார்தான் போடுவார்கள், அப்போஸ்தலரே ஆனாலும். அந்த வரி வாசிக்கப்படும்போதெல்லாம் சபையே விட்டத்தைப் பார்க்கும்.

லியோனாஸ் அந்த வரியையும் கேட்டதில்லை. கோபம், பொறாமை, வேசித்தனம் என்று வாசிப்பவர் தொண்டை கிழியக் கத்தினாலும் இவன் குறட்டைதான். வாழ்த்துப் பகுதி தொடங்கியதும் யாரும் எழுப்பாமலே விழித்துக்கொள்வான். தன் பெயர் வந்ததும் மேலங்கியை இழுத்துவிட்டுக்கொண்டு எழுந்து நிற்பான். பந்தியில் முதல் மீன் துண்டும் அவனுக்குத்தான். எங்கள் சபை அப்படி. உபதேசம் கேட்டு எவன் திருந்தினான் என்று யாரும் பார்ப்பதில்லை, யார் பெயர் இருக்கிறது என்றுதான் பார்ப்பார்கள்.

ஒருநாள், விடுதலையான பிறகு நான் போட்ட ரொட்டிக் கடையில் வைத்துக் கேட்டே விட்டேன். "ஏன்டா, அந்த ஒத்த வரிக்கு இம்புட்டு அலட்டலா?"

"குளியல் கூடத்துல என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லக்கா. டேய்னா நான், விறகைத் தூக்குன்னா நான். அவன் எப்படி இருக்கான்னு பேர் சொல்லி விசாரிச்சது அந்த ஒருத்தருதான். இப்ப பொண்டாட்டியும் போயிட்டா. புள்ளையும் இல்ல. நான் செத்தா என் பேரை யாரு சொல்லுவா? கடுதாசி சொல்லும். வாராவாரம் சொல்லும்."

அதற்குப் பிறகு அவனைக் கிண்டல் செய்யும்போது கொஞ்சம் பார்த்துத்தான் செய்தேன்.

இப்படி இருக்கையில் எபேசிலிருந்து எவாந்தர் என்று ஒரு எழுத்தர் வந்தார். ஊர் ஊராகக் கிடக்கும் நிருபங்களைச் சேர்த்து ஒரே புத்தகமாக எழுதி எல்லாச் சபைகளுக்கும் அனுப்பப் போகிறாராம். சேதி பரவியதும் எங்கள் ஜனம் சும்மா இருக்குமா? சாயக்காரன் மனைவி ஒலிவக்காய் ஊறுகாயோடு வந்தாள். "எங்க மாமனாரை அப்போஸ்தலர் ஞாபகப் பிசகா விட்டுட்டாருங்க, நீங்க சேர்த்துக்கங்க" என்றாள். அத்திப்பழக் கூடையோடு இன்னொருவன் வந்தான். அப்போஸ்தலர் இறந்த பிறகு பிறந்தவன் அவன். அவனுக்கும் ஒரு வாழ்த்து வேண்டுமாம். எவாந்தர் ஊறுகாயைத் தின்றார், பழத்தையும் தின்றார். தின்று முடித்து, வாழ்த்துப் பகுதியையே வெட்டிவிடப் போவதாக அறிவித்தார்.

"உலகம் பூரா போற புத்தகம். ரோமாபுரியில இருக்கிறவனுக்கு உங்க ஊர் உலைக்காரனைப் பத்தி என்ன கவலை?"

"அப்போஸ்தலர் எழுதினதை வெட்டலாங்களா?" என்று மூப்பர் தேமேயாஸ் ஒரு மரியாதைக்குக் கேட்டார்.

"வெட்டலைங்க. அவர் இன்னிக்கு இருந்தா எப்படி எழுதியிருப்பாரோ, அப்படி எழுதுறேன்."

"செத்த பிறகுதான் அந்த மனுஷர் நிறைய எழுதுறாரு" என்றேன். யாரும் சிரிக்கவில்லை.

லியோனாஸ் எவாந்தரின் காலைப் பிடித்துக்கொண்டான். "ஐயா, ஏதாவது ஒரு மூலையில போட்டு வைங்க. வாழ்த்தா இல்லாட்டியும் பரவாயில்ல. பேர் மட்டும் இருந்தாப் போதும்."

"உபதேசம் மட்டும்தான் போகுது. அதுல உனக்கு எங்கப்பா இடம்?"

தேமேயாஸ் தொண்டையைக் கனைத்தார். "ஒரு இடம் காலியா இருக்குங்களே. 'உங்களில் ஒருவன்'னு ஒரு வரி வருது பாருங்க. யார் அந்த ஒருவன்னு வெளியூர்ல கேப்பாங்க. பேர் இருந்தா படிக்கிறவனுக்கு இன்னும் உறைக்கும்."

எவாந்தர் நிருபச் சுருளைப் பார்த்துவிட்டுத் தலையாட்டினார். "ஆமா, பேர் இருந்தா நல்லாத்தான் இருக்கும்." லியோனாஸ், "என் பேரையே போடுங்கய்யா" என்று துள்ளினான்.

நான் முன்னே வந்து நின்றேன். "தேமேயாஸு, தின்னது உங்கப்பன்."

"கல்லிஸ்தே அக்கா, காலமானவங்களைப் பத்திப் பேசுறது சபைக்கு அழகில்ல."

"உயிரோட இருக்கிறவன் தலையில கட்டுறது மட்டும் அழகா?"

"அவனே சம்மதிக்கும்போது உங்களுக்கு என்ன வந்துச்சு?"

லியோனாஸைத் தனியாக இழுத்துக்கொண்டு போனேன். "டேய் கிறுக்கா, பட்டினி கிடந்தவன் நீ. உனக்காகத்தான் அந்த வரியையே எழுதினாரு. அதுல போய்த் தின்னவனா நிக்கிறேங்கிறியே."

"பேர் இருக்கும்லக்கா. ரோமாபுரி வரைக்கும் போகும்ல" என்றான். முகமெல்லாம் சிரிப்பு. அதற்கு மேல் அவனோடு என்ன பேசுவது.

எவாந்தர் புதுப் பிரதியைக் கொடுத்துவிட்டுப் பழைய சுருளை எடுத்துக்கொண்டார். எபேசில் பத்திரமாக இருக்குமாம். தேமேயாஸே அதைத் தன் கையால் வண்டியில் கொண்டுபோய் வைத்தார். அப்பனை அடக்கம் செய்த அன்றுகூட அவர் முகத்தில் அவ்வளவு பக்தியை நான் கண்டதில்லை.

அடுத்த கூட்டத்தில் புதுப் பிரதியை வாசித்தார்கள். "உங்களில் லியோனாஸ் என்பவன் பசித்தவன் பங்கையும் தின்று ஏப்பம் விடுகிறான்." லியோனாஸ் மேலங்கியை இழுத்துவிட்டுக்கொண்டு எழுந்து நின்றான். புதிதாகச் சேர்ந்தவர்கள் திரும்பி அவன் வயிற்றைப் பார்த்தார்கள். விவரம் தெரிந்த நாலைந்து கிழங்கள் தரையைப் பார்த்தன. தேமேயாஸ் மட்டும் நிம்மதியாகக் கண்ணை மூடி ஜெபத்தில் இருந்தார்.

சில மாதம் கழித்து மக்னேசியாவிலிருந்து ஒரு குடும்பம் வந்தது. இவன் வழக்கம்போலப் போய், "நான்தான் லியோனாஸ்" என்றான். "ஓ, நீங்கதானா அது" என்று சொன்ன அந்தக் குடும்பத்துப் பெண், பக்கத்தில் இருந்த ரொட்டிக் கூடையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். இவனுக்கோ தலைகால் புரியவில்லை. "பாத்தியாக்கா, மக்னேசியாவுல என்னைத் தெரியுது" என்று என்னிடம் வந்து பீற்றிக்கொண்டான்.

பந்தி பரிமாறும் இளவட்டங்களும் நிருபத்தைச் சிரத்தையாகக் கேட்டு வளர்ந்தவர்கள். முதல் மீன் துண்டு நின்றது. பிறகு இவனைக் கடைசி ஆளாக உட்கார வைத்தார்கள். சட்டி இவனிடம் வரும்போது பல நாள் சாறு மட்டும்தான் இருக்கும். கேட்டால், வேதத்தில் எச்சரிக்கை இருக்கிறதே என்பார்கள். நான் என் பங்கில் பாதியைப் பிட்டுக் கொடுப்பேன். வாங்கித் தின்பான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை வாங்கவில்லை.

"வேணாம்கா. நீ சாப்பிடு. நான்தான் அன்னிக்கே தின்னுட்டேனே."

"என்னடா உளறுற?"

"யோசிச்சுப் பாத்தேன். அந்த மீன் ருசிகூட நாக்குல ஞாபகம் வருது. மத்தவன் பசியோட இருந்திருப்பான். பாவம்."

அவன் தோளைப் பிடித்துத் திருப்பினேன். "நீ தின்னலைடா. அந்தப் பாவப்பட்டவனே நீதான். காலிச் சட்டியை எட்டிப் பாத்துட்டுச் சுவரோரமா உக்காந்தே. நான் அங்கதான் நின்னேன். என் கண்ணால பாத்தேன்."

லியோனாஸ் என் கையை மெதுவாகத் தட்டிக் கொடுத்தான். புத்தி பேதலித்தவர்களிடம் பேசுவது போல, குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னான்.

"நீ அங்க இருந்ததா கடுதாசில இல்லையேக்கா."