திருப்பதியில் ஒன்பது கடைகளும் ஒரு ஜப்பானியத் தம்பதியும்

வேலூரில் குடியேறி இருபத்திரண்டு வருடங்கள் ஆகின்றன. இதற்குள் எத்தனை முறை திருப்பதி போயிருப்பேன் என்று எனக்கே தெரியாது. ஆனால் திருப்பதி ஊரைப் பார்த்ததில்லை. பஸ் ஸ்டாண்டில் இறங்குவோம், மலைக்கு வேறு பஸ் ஏறுவோம், வரிசை, தரிசனம், லட்டு, மறுபடி பஸ். மலைக்குக் கீழே ஒரு ஊர் இருக்கிறது, அங்கேயும் மனிதர்கள் பல் துலக்கி, டிபன் சாப்பிட்டு, வேலைக்குப் போகிறார்கள் என்ற நினைப்பே வந்ததில்லை. இத்தனை வயதுக்குப் பிறகு அது கொஞ்சம் வெட்கமாக இருந்தது.

அதனால்தான், "கோயில் இல்லாத திருப்பதி: நடந்தபடியே சாப்பிடலாம்" என்ற விளம்பரத்தைக் கைப்பேசியில் பார்த்ததும் பதிவு செய்தேன். ஒன்பது கடைகள், நாலரை கிலோமீட்டர், மூன்றரை மணி நேரம். சாப்பாடு உட்பட ஆளுக்குத் தொள்ளாயிரம் ரூபாய். "இட்லி துன்றதுக்குத் தொள்ளாயிரமா? அதுவும் நடந்துக்கினே வேற!" என்றார் என் கணவர். அவர் வரவில்லை. நல்லதாகப் போயிற்று.

ஜூன் மாதத்தின் இரண்டாவது சனிக்கிழமை, மதியம் இரண்டு மணிக்கு வேலூரில் பஸ் ஏறினேன். டிக்கெட் நூற்று அறுபத்தைந்து ரூபாய். சித்தூர் வரும்போதே மாம்பழ வாசனை ஜன்னலுக்குள் வந்துவிட்டது. மாம்பழக் கூழ் தொழிற்சாலைகளுக்கு முன்னால் மாங்காய் ஏற்றிய டிராக்டர்கள் வரிசையாக நின்றன. டிரைவர்கள் நிழலில் படுத்துத் தூங்கிக்கொண்டிருந்தார்கள். இந்த வாசனைக்காகவே ஜூனில் போகலாம். பஸ் கால் மணி நேரம் நின்றது. பிறகு எங்கும் நிற்காமல் ஐந்து மணிக்கெல்லாம் திருப்பதி. ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் லாட்ஜ், ஓர் இரவுக்கு ஆயிரத்து நூறு. சனிக்கிழமை என்றால் முன்கூட்டியே சொல்லி வைத்துவிட வேண்டும்.

ஞாயிறு காலை ஏழு மணி, ரயில் நிலைய வாசல். கூட்டத்துக்கு மேலே மடக்கிய மஞ்சள் குடை ஒன்று தெரிந்தது. அதைத் தூக்கிப் பிடித்திருந்தவர்தான் எங்கள் வழிகாட்டி ரேவதி. முப்பது வயது இருக்கும். புத்தூருக்குப் பக்கத்தில் விவசாயம் செய்யும் தமிழ்க் குடும்பம். சென்னையில் ஜப்பானிய மொழி படித்துவிட்டு, ஸ்ரீசிட்டி தொழிற்பேட்டையில் ஒரு தொழிற்சாலையில் நான்கு வருடம் மொழிபெயர்ப்பாளராக இருந்திருக்கிறார். கம்பெனி மூன்று மாதப் பயிற்சிக்கு ஒசாகா அனுப்பியபோது, அங்கே ஒரு ஞாயிற்றுக்கிழமை இப்படி ஒரு நடைக்குப் போனாராம். பெரிய தெருக்களை விட்டுவிட்டுச் சந்துகள் வழியாக, ஒரு கடையில் ஆக்டோபஸ் உருண்டை, ஒரு கடையில் சூடான டோஃபு, நின்றுகொண்டே நூடுல்ஸ். ஒவ்வோர் இடத்திலும் ஒரே ஒரு வாய். மூன்று மணி நேரத்தில் ஒன்பது கடைகள்.

"அன்னிக்கே முடிவு பண்ணேங்க்கா, இத நம்ம ஊர்ல செய்யணும்னு. வேலைய வுட்டு ரெண்டு மாசம் ஆவுது. நைனாகிட்ட ஆறு மாசம் டைம் கேட்டிருக்கேன். அதுக்குள்ள நிக்கலன்னா திரும்பி ஃபேக்டரிக்கே போயிடணும்."

அன்று என்னைத் தவிர வந்திருந்தவர்கள் இருவர்தான். மோரி என்பவரும் அவர் மனைவியும். ரேவதியின் பழைய தொழிற்சாலையில் மோரி பெரிய பொறுப்பில் இருக்கிறார். ஸ்ரீசிட்டியில் உள்ள ஜப்பானியக் குடும்பங்களுக்கு ஞாயிற்றுக்கிழமைகளில் போக இடமில்லை. மோரி போய்ப் பார்த்து நன்றாக இருக்கிறது என்று சொன்னால் கம்பெனி மாதாமாதம் அவர்களை அனுப்புமாம். "இன்னிக்கி மட்டும் நல்லா போயிட்டா, எனக்கு வேற ஒண்ணும் வேணாங்க்கா" என்று என் காதருகே சொன்னார் ரேவதி.

ஒன்பது வட்டங்கள் வரைந்த வழித்தாளை ஆளுக்கொன்றாகக் கொடுத்தார். முதல் வட்டம், கோவிந்தராஜர் கோயில் மாட வீதிக்குப் பின்னால் ஒரு சந்தில் உள்ள இட்லிக் கடை. நாலே பெஞ்சு. ரேவதி முதல் நாளே வந்து ஆளுக்கு ஒரு இட்லி என்று பேசி வைத்திருந்தார். தட்டில் வந்தது இரண்டு.

"ஆன்ட்டி, ஒண்ணு ஒண்ணுன்னு சொன்னேனே!"

"ஒத்த இட்லி எவங்க வூட்ல வெப்பாங்க, நீயே சொல்லு. ஜுரம் வந்தவனுக்குக்கூட ரெண்டு வெப்பாங்க. வெளிநாட்டுலேந்து வந்திருக்காங்க, போம்மா அந்தாண்ட."

பொடியும் நெய்யும் போட்ட இட்லி, பஞ்சு. மோரி கண்ணை மூடிக்கொண்டு சாப்பிட்டார், கடைசித் துணுக்கால் சட்னியையும் துடைத்துவிட்டார். ரேவதி அப்போது எனக்குக் கோபுரத்தைக் காட்டி ஏதோ விளக்கிக்கொண்டிருந்தார்.

இரண்டாவது, தீர்த்தக்கட்ட வீதியில் கார தோசை. சிவப்பு மிளகாயும் பூண்டும் அரைத்த விழுதை மேலே பூசி, பொட்டுக்கடலைப் பொடி தூவி முறுகலாகச் சுடுகிறார்கள். ஆளுக்குப் பாதி என்பது ஏற்பாடு. கல்லுக்குப் பின்னால் நின்ற பெரியவர் சிரித்தார். "பாதி தோசன்னு ஒண்ணு கல்லுல கெடையாதும்மா. ஊத்தனா முழுசுதான்." மூன்றாவது கடையில் மைதா போண்டா, கிண்ணம் நிறைய நிலக்கடலைச் சட்னி. அங்கே மோரி ஏறக்குறைய பேசுவதையே நிறுத்தியிருந்தார். சட்டை நனைந்திருந்தது.

ரேவதி என்னை ஓரமாக இழுத்தார். "அக்கா, அவருக்குப் புடிக்கல போல. ஒசாகாவுல புடிச்சிருந்தா நல்லாருக்கு நல்லாருக்குன்னு சொல்லிக்கினே துன்னுவாங்க. இவரு வாயே தெறக்கல." உடனே நான்காவது கடைக்குப் போன் போட்டார். "மாமா, வந்துக்கினே இருக்கோம். கொஞ்சம் நல்லா கவனிச்சிக்கங்க. நெய் தாராளமா ஊத்துங்க, பரவால்ல."

மாமா கவனித்தார். இலை போட்டு, புளியோதரை, வடை, தயிர் சாதம். மோரி முடிக்க முடிக்க வந்துகொண்டே இருந்தது. திருமதி மோரி மட்டும் வழித்தாளை எனக்கு முன்னால் மெல்ல நகர்த்தி, ஐந்தாவது வட்டத்தில் விரலை வைத்துவிட்டு என் முகத்தைப் பார்த்தார். எந்த மொழியும் தேவைப்படாத பார்வை அது. அப்போதுதான் என் இலையைக் கவனித்தேன். அதில் முதலில் போட்ட அதே ஒரு கரண்டி புளியோதரைதான் இருந்தது. காரணம், பரிமாற வரும்போதெல்லாம் என் கை தானாக இலைக்கு மேலே போய் நின்றிருக்கிறது. நான் செய்கிறேன் என்பதே எனக்குத் தெரியாமல்.

"ரேவதி, மோரி எத்தனை இட்லி சாப்பிட்டார் தெரியுமா?"

"ரெண்டு."

"ஆறு. தோசை ரெண்டு. போண்டா நான் பார்த்தே ஏழு. தட்டு காலியானால் போடுகிறார்கள். போடுவதை அவர் மிச்சம் வைக்காமல் சாப்பிடுகிறார்."

ரேவதி நெற்றியில் அறைந்துகொண்டார். "அய்யோ! அவங்க ஊர்ல மிச்சம் வெச்சா சமைச்சவங்களுக்கு அவமானம் மாதிரிங்க்கா. நான்கூட அங்க தட்டத் தொடச்சித் தொடச்சித்தான் துன்னேன். செருப்பு எங்க வுடணும், எது காரம், எல்லாம் எழுதிக் குடுத்தேன். கை காட்டினாத்தான் நிறுத்துவாங்கன்னு எழுதல. அத எல்லாம் யாராச்சும் சொல்லிக் குடுப்பாங்களா?"

அங்கேயே, மாமா கரண்டியோடு நிற்கும்போதே, ஜப்பானிய மொழியில் விளக்கினார். கையை இலைக்கு மேல் விரித்துக் காட்டினார். "சாலு" என்று சொல்லச் சொன்னார், தெலுங்கில் போதும். மோரி கேட்டுக்கொண்டே இருந்தார். பிறகு மனைவியைப் பார்த்தார். இருவரும் சிரிக்க ஆரம்பித்தவர்கள் கண்ணில் நீர் வரும்வரை நிறுத்தவில்லை. மோரி சொன்னதை ரேவதி எனக்குத் தமிழில் சொன்னார்: இது ஏதோ புண்ணியத் தலத்து நேர்த்திக்கடன், ஒன்பதாவது கடைவரை தாக்குப்பிடிப்பவரைத்தான் இந்த ஊர் மதிக்கும் என்று நினைத்தாராம்.

நாங்கள் சிரித்தோம். ரேவதி பாதியில் நிறுத்திவிட்டார். மீதம் ஐந்து கடைகள் இருந்தன. கொர்லகுண்டா பகுதியில் இருந்த ஒன்பதாவது கடையில் சுகுணம்மா என்பவர் காலை ஐந்து மணியிலிருந்து இவர்களுக்கென்றே சமைத்துக்கொண்டிருந்தார். வழித்தாளை வாங்கி, ஐந்து முதல் எட்டு வரை வட்டங்களைப் பேனாவால் அடித்தார் ரேவதி. "பசி வர்ற வரிக்கும் நடக்கலாம். கொர்லகுண்டாவுக்கு சுத்து வழியா போவலாம். அதிகமா ரெண்டு கிலோமீட்டர் வரும், உங்களுக்குப் பரவால்லியா?"

அந்தச் சுற்று வழிதான் அன்றைய நாளின் சிறந்த பகுதி. அது திட்டத்திலேயே இல்லை. பித்தளை விளக்குக் கடைகள், மூட்டை மூட்டையாகச் சாமந்தி இறங்கும் சந்தை, கதவைத் திறந்து வைத்துப் பாட்டு வகுப்பு நடக்கும் ஒரு வீடு. மொட்டை போட்டவர்களுக்கான தொப்பிகளை மட்டுமே விற்கும் ஒரு கடையில், நிறைய முடியுள்ள மோரி எண்பது ரூபாய்க்கு ஒன்று வாங்கிப் போட்டுக்கொண்டார். கடைக்காரர் அவரைச் சந்தேகமாகப் பார்த்தார்.

வேண்டாம் என்று போனில் சொல்லிவிட்ட கடைகள் எங்களைச் சும்மா விடவில்லை. போளிக் கடைக்காரர் நடுத்தெருவில் வழிமறித்தார். "எங்க கட மட்டும் இன்னா பாவம் பண்ணிச்சி? துன்ன வேணாம், எடுத்துக்கினு போங்க." எட்டுப் போளி, பொட்டலம். மாம்பழக்காரம்மா ஒரு பை நிறைய பழம் கொடுத்து, காசு வாங்க மறுத்து, மோரியின் தொப்பியைச் சரியாக வைத்துவிட்டார். கொர்லகுண்டா போய்ச் சேரும்போது மணி பதினொன்றேகால். முக்கால் மணி நேரம் தாமதம்.

சுகுணம்மா வீட்டு முன்னறைதான் கடை. இலை போட்டார். ராகிக் களி உருண்டை ஒன்றைக் கையில் எடுத்துக்கொண்டு மோரி அருகே வந்தார். ஒரு சின்னத் தேங்காய் அளவு. மோரி உடனே இரண்டு கையாலும் இலையை மூடி, "சாலு!" என்றார்.

"இன்னும் வெக்கவே இல்ல, அதுக்குள்ள சாலுவா?"

வீடே சிரித்தது. மோரி கையை எடுத்தார். பாதி உருண்டை, குழி செய்து அதில் நாட்டுக்கோழிக் குழம்பு. நன்றாகப் பசித்துத்தான் சாப்பிட்டார். முடிந்ததும் சரியான நேரத்தில் கையை விரித்தார். "சாலு." சுகுணம்மா விரல் இடுக்கு வழியாகவே ஒரு கரண்டி ஊற்றிவிட்டார்.

"ரேவதி, இது நெசமாவே போதுமா, இல்ல கூச்சப்பட்டு மொகமாட்டத்துக்குச் சொல்றாரா? எங்க ஊட்டுக்காரரு மூணு தடவ சொன்னாத்தான் நான் நம்புவேன்."

ரேவதி தலையைப் பிடித்துக்கொண்டு மோரிக்கு மூன்று விரல்களைக் காட்டினார். மோரி தீவிரமான முகத்துடன் மேலும் இரண்டு முறை சொன்னார். கரண்டி பாத்திரத்துக்குத் திரும்பியது.

அப்போது ரேவதியின் அப்பாவிடமிருந்து போன் வந்தது. "ஆங் நைனா... இன்னும் முடியல... தெரியல நைனா, சொல்லல அவங்க... இல்ல, நான் இன்னும் துன்னல. காலைலேந்தே ஒண்ணும் துன்னல." சுகுணம்மா காதில் அது விழுந்துவிட்டது. அவர் ரேவதியின் தோளை அழுத்தி உட்கார வைத்து ஓர் இலையைப் போட்டார். மோரி எழுந்தார். சுகுணம்மாவிடம் கரண்டியைக் கேட்டு வாங்கினார். ரேவதியின் களியில் குழம்பை ஊற்றிவிட்டு, இடுப்பில் கை வைத்துப் பக்கத்திலேயே நின்றார். இலை காலியாகக் காலியாக ஊற்றினார். ரேவதி இரண்டு முறை சாலு சொன்னார். அவர் நம்பவில்லை.

போகும்போது மோரி குனிந்து வணங்கினார். அலுவலகத்தில் பேசிவிட்டுச் சொல்வதாக மட்டும் சொன்னார். ரேவதி ரயில் நிலையம்வரை என்னோடு ஆட்டோவில் வந்தார், வழியெல்லாம் போனையே பார்த்துக்கொண்டு.

அடுத்தவருக்குச் சொல்லிக்கொடுக்கும்போது நாம் விட்டுவிடுவது பெரிய விஷயங்களை அல்ல, நமக்கே தெரியாமல் நாம் செய்துகொண்டிருப்பவற்றைத்தான் என்று திரும்பும் பஸ்ஸில் தோன்றியது. என் கையை நானே ஒரு முறை விரித்துப் பார்த்துக்கொண்டேன்.

போக விரும்புகிறவர்களுக்கு: முதல் நாள் இரவு லேசாகச் சாப்பிடுங்கள். கழற்றி மாட்ட எளிதான செருப்பு, ஒரு தண்ணீர் பாட்டில், காலியான ஒரு துணிப்பை கட்டாயம். பொட்டலம் இல்லாமல் உங்களை விடமாட்டார்கள். காரம் ஆகாதவர்கள் தோசைக் கடையில் விழுதைக் குறைக்கச் சொல்லலாம், குறைப்பார்கள் என்று உறுதியில்லை. இப்போது ஒன்பது கடைகள் இல்லை, ஐந்துதான். நடை ஆறரை கிலோமீட்டர், நான்கு மணி நேரம். கட்டணம் அதேதான். ஞாயிறுகளில் மட்டும் நடத்துகிறார். முதல் ஞாயிறும் மூன்றாம் ஞாயிறும் கேட்காதீர்கள். அவற்றை ஸ்ரீசிட்டிக் குடும்பங்கள் டிசம்பர்வரை எடுத்துவிட்டன.