எனிட் சவர்பி தோற்ற தேர்தல்

யார்க்‌ஷயரின் அந்தச் சின்ன ஊரில் எனிட் சவர்பியின் புத்தகம் இல்லாத வீடு கிடையாது. அதைப் படித்த வீடுதான் கிடையாது. பதினேழாம் நூற்றாண்டு இங்கிலாந்தின் பாராளுமன்றத் தேர்தல்களில் கனவான்கள் என்னென்ன தில்லுமுல்லு செய்தார்கள் என்று மூன்று தடித்த புத்தகங்கள். எழுதியவர் ஓய்வுபெற்ற ஆசிரியை, கல்யாணம் குழந்தை குட்டி எல்லாமே அவருக்கு அந்த மூன்றுதான்.

எதிரில் வருபவரையெல்லாம் நிறுத்தி, "படிச்சீங்களா?" என்பார்.

"பாதி வந்துட்டேன் டீச்சர்" என்று நழுவுவார்கள். அந்தப் பாதி வருஷக்கணக்காக நகரவே இல்லை. அவருக்கு அது உள்ளூர வலித்தது.

அதனால்தான் ஊர் வரலாற்றுக் கழகத் தலைவர் பதவிக்கு நின்றார். தலைவராகிவிட்டால் மாதக் கூட்டத்தில் அத்தியாயம் அத்தியாயமாக வாசித்துக் காட்டலாம். எழுந்து ஓடவா முடியும்?

எதிர்த்து நின்றவர் இறைச்சிக் கடை கிளிஃபர்ட் ஹெய்க். வரலாற்றுக்கும் அவருக்கும் ஸ்நானப்பிராப்திகூட இல்லை என்பது ஊர் அபிப்பிராயம். எனிட்டின் பலமோ மெத்தடிஸ்ட் சர்ச் பெண்கள். மதுவை மோந்துகூடப் பார்க்காதவர்கள்.

தேர்தலன்று மாலை நூலகக் கதவில் ஓர் அறிவிப்பு தொங்கியது: ஹீட்டர் பழுது, கூட்டம் எதிர் பப்பின் மாடியில். எழுதியவர் கழகச் செயலாளர், கிளிஃபர்டின் மைத்துனர்.

சர்ச் பெண்கள் பப் வாசலிலேயே குடையோடு நின்றுவிட்டார்கள்.

"அஞ்சு நிமிஷம், கையத் தூக்கிட்டுப் போயிடலாம், வாங்கம்மா" என்று எனிட் கெஞ்சினார்.

"உங்களுக்காக உசிரக்கூடக் குடுப்போம் டீச்சர், இந்தப் படிய மட்டும் மிதிக்க மாட்டோம்" என்றாள் அவர்களில் ஒருத்தியான மேபல்.

மாடியில் மேசைக்கு மேசை பீர், பன்றிக்கறி அடைத்த சூடான அப்பம், பட்டாணி. எல்லாருக்கும் ஒரு கையில் கோப்பை, மறு கை கிளிஃபர்டுக்கு. எனிட் மண்ணைக் கவ்வினார்.

"பெரிய சாமர்த்தியம்னு நெனப்பா?" என்று கிளிஃபர்டிடம் பாய்ந்தார். "எடத்த மாத்தறது, ஊத்திக் குடுக்கறது எல்லாம் முந்நூறு வருஷப் பழசு, தெரியுமா?"

"தெரியாமலா டீச்சர்? ரெண்டாவது புத்தகம், ஏழாவது அத்தியாயம். தேர்தல நடத்தின ஷெரீஃப் வாக்கெடுப்ப ராத்திரியோட ராத்திரியா பக்கத்து ஊருக்கு மாத்தினாரே! ஆனா வயிறு நெறஞ்ச பிறகுதான் கை எண்ணணும்னு அடிக்குறிப்புல போட்டிருந்தீங்க பாருங்க, அதுதான் கை குடுத்துது."

எனிட் ஓரடி கிட்டே வந்தார். "அடிக்குறிப்பு... வரைக்குமா?"

"ரெண்டு தடவ. மூணாவது புத்தகத்துல மட்டும் கொஞ்சம் இழுத்துட்டீங்க."

கீழே தெருவிலிருந்து மேபல் கத்தினாள்: "எறங்கி வாங்க டீச்சர்! மனு எழுதலாம், இந்தத் தேர்தலே செல்லாது!"

"நீங்க போங்கம்மா" என்று எனிட் சன்னலைச் சாத்தினார். கிளிஃபர்டுக்கு எதிரே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"எங்க இழுத்துட்டேன்? பக்கம் சொல்லுங்க."