வெள்ளைன்னு யாரு சொன்னது?

கதவைத் தட்டினால் தட்சணாமூர்த்தி முகத்தைப் பார்ப்பதில்லை, சட்டையைப் பார்ப்பார். கதவை நாலு விரல் அகலம் திறந்து, ஒரு கண்ணை மட்டும் வெளியே விட்டு, வந்தவர் மார்பில் என்ன நிறம் இருக்கிறது என்று நோட்டம் விடுவார். மங்கிய நிறமென்றால் ஆள் உள்ளே போகலாம். மஞ்சளோ சிவப்போ என்றால், கதவுக்குப் பின்னால் ஆணியில் தொங்கும் சாம்பல் நிறத் துணி ஒன்று இடுக்கு வழியாக நீளும். "இதப் போத்திக்கினு வாங்க. உங்க சட்ட கலரு என் டிவி மேல விழுது." கல்யாண வீடியோ பார்க்க வந்த மாப்பிள்ளைகள், கட்சிக்கரை வேட்டிக்காரர்கள், ஒரு தடவை வந்த போலீஸ்காரர் உட்பட எல்லாரும் அதைப் போர்த்திக்கொண்டுதான் அங்கே உட்கார்ந்திருக்கிறார்கள்.

மரக்காணம் பேருந்து நிலையத்துக்கு எதிரே, உரக்கடை மாடியில் இருக்கிறது அந்த அறை. சுவர், கூரை, கதவு எல்லாம் ஒரே சாம்பல். ஜன்னலுக்குக் கறுப்புத் துணி. "துக்க வூடு மாதிரி இருக்குதே சார்" என்று கேட்ட பெயிண்டரிடம், "சிரிக்கிற வூட்ல கலரு பொய் சொல்லும்" என்றாராம். மற்றவர்கள் எடுத்த படத்துக்கு நிறத்தைச் சரிசெய்து கொடுப்பது அவர் தொழில். சாலிகிராமத்தில் எட்டு வருடம் அதே வேலையைப் பார்த்துவிட்டு ஊருக்குத் திரும்பியவர். ஏன் திரும்பினீர்கள் என்றால், "அங்க எல்லாரும் ஒருத்தர ஒருத்தர் நம்பிக்கினு இருக்கானுங்க" என்பார். அவர் அகராதியில் அது பெரிய குற்றம்.

எதை வெள்ளை என்று சொன்னாலும் அவருக்கு வாயில் ஒரே கேள்விதான். "வெள்ளைன்னு யாரு சொன்னது?" மல்லிகையில் பச்சை இருக்கிறது, வேட்டியில் போட்ட நீலம் இருக்கிறது, பாலில் மஞ்சள் இருக்கிறது. பெண் பார்க்கப் போன இடத்தில் டியூப் லைட்டை அணைக்கச் சொல்லிவிட்டுப் பெண்ணை வாசலுக்கு வரச் சொன்னவர் இவர். "வெயில்ல பாத்துட்டு சரின்னாரு. மேல வுழுந்து அடிக்க எங்க மாமா எழுந்துட்டாரு" என்று மனைவி சாமுண்டீஸ்வரி இன்றைக்கும் சிரிக்கிறார். அவருடைய சமையலறை விளக்கையும் மூர்த்தி இரண்டு தடவை மாற்றியிருக்கிறார். சாம்பார் நிறம் பொய்யாம்.

அவர் நம்புகிற வெள்ளை ஒன்றே ஒன்று. பீரோவில், துணிப்பைக்குள், பிளாஸ்டிக் உறைக்குள் இருக்கும் ஒரு வெள்ளை அட்டை. கேமராவுக்குச் சொந்தப் புத்தி கிடையாது. இதுதான் வெள்ளை என்று எதையாவது முதலில் காட்டிவிட வேண்டும். அதை வைத்துத்தான் மற்ற நிறங்களையெல்லாம் அது புரிந்துகொள்ளும். மரக்காணத்து வீடியோக்காரர்கள் இதற்கு அட்டை வாங்குவதில்லை, உப்புக் குவியலைக் காட்டிவிடுவார்கள். ஊர் முழுக்க உப்பு கிடக்கும்போது அட்டை எதற்கு? அதற்காகத் தட்சணாமூர்த்தியிடம் திட்டு வாங்காத வீடியோக்காரர் அந்தப் பக்கத்தில் இல்லை. ஆனால் அந்த அட்டையை மட்டும் யாருக்கும் தரமாட்டார். சாமுண்டீஸ்வரியின் விரல்கூட அதன்மேல் பட்டதில்லை.

2005 மே மாதம் சென்னையிலிருந்து ஒரு சினிமாக் குழு உப்பளத்தில் பாட்டு எடுக்க வந்தது. பிலிம் கிடையாது, புது டிஜிட்டல் கேமரா. அதில் பதிவாகும் படம் பத்து தடவை துவைத்த துணி மாதிரி வெளிறிக் கிடக்கும். ஒரு டேபிளைப் போட்டால்தான் நிறம் எழும்பும். டேபிள் என்றால் பட்டியல்: இந்த நிறம் உள்ளே வந்தால் அந்த நிறமாக வெளியே அனுப்பு என்று ஒவ்வொரு நிறத்துக்கும் எழுதிவைத்தது. இயக்குநர் சாயங்காலம் பார்ப்பதற்காக, அவர்கள் சிடியில் கொண்டுவந்த டேபிளைப் போட்டுப் பிரதி எடுத்துத் தந்தார் தட்சணாமூர்த்தி. "எவனோ எந்த ரூம்லயோ எழுதனது" என்று முனகிக்கொண்டேதான் செய்தார். நாளைக்கு யாராவது நீதான் கெடுத்தாய் என்று சொல்லிவிட்டால்? ஒவ்வொரு ஷாட்டிலும் முதல் பத்து நொடியை டேபிள் போடாமல் தனியாக எடுத்துப் பத்திரப்படுத்தினார்.

முதல் நாள் காலை கேமராமேன் மூர்த்தியின் வெள்ளை அட்டையைக் கேட்டார். அந்த மனிதர் பரோட்டா சாப்பிட்ட கையைச் சரியாகக் கழுவினாரா என்று மூர்த்திக்குச் சந்தேகம். "உப்பு இருக்குதே சார். அதுல வெச்சிக்குங்க" என்று அனுப்பிவிட்டார்.

ஆகஸ்டில் ஒரு நாள் பாப்பாத்தி வந்தார். ஆரஞ்சுச் சேலை. சாம்பல் துணி நீண்டது. அதை வாங்கிப் போர்த்திக்கொண்டு, நின்றபடியே சொல்ல ஆரம்பித்தார்.

உப்பள முதலாளி சிங்காரத்தின் பாத்திகளில் இருபத்திரண்டு வருடம் உப்பு வாரியவர் அவர். வாருவதில் ஒரு நிதானம் உண்டு. வாரும் பலகை கொஞ்சம் ஆழமாக இறங்கினால் அடிமண் கிளம்பி உப்போடு கலந்துவிடும். மே மாதம் அவர் பாத்தியில் உப்பு பழுப்பாக வந்தது. மண்ணைக் கிளப்பிவிட்டாய் என்று சிங்காரம் வேலையை விட்டு நிறுத்திவிட்டார். வாரத் தெரியாதவள் என்ற பேச்சு பரவ, வேறு யாரும் பாத்தி தரவில்லை.

"நான் பலக வெக்கறதுக்கு முன்னாடியே அது பழுப்புதாங்க சார். சுனாமியில கடலு கொண்டாந்து போட்ட சேத்த முழுசா வழிக்காம, மேலாக்க மிதிச்சிட்டு தண்ணி கட்டிட்டாரு. அப்பவே சொன்னேன், கேக்கல. அன்னிக்கு சினிமாகாரங்க எம்பாத்தியாண்டதான் எடுத்தாங்க. நான் குடத்தோட ஓரமா நின்னேன். அப்ப இன்னும் வாரல. அதுல பாத்தா தெரியும்ல?"

"நீ பொய்யும் சொல்லலாம்" என்றார் தட்சணாமூர்த்தி.

"சொல்லலாங்க. அதான் பாத்துடலாம்னு வந்தேன். நாளைக்கு காலையில சிங்காரத்தையும் இங்க வரச் சொல்லிட்டேன்."

அந்தப் பதில் அவருக்குப் பிடித்திருந்தது. பத்திரப்படுத்தியிருந்த பத்து நொடி டேப்பைத் தேடி எடுத்து, நிறம் எழும்ப அதே டேபிளைப் போட்டு ஓட்டினார். ஓரத்தில் குடத்தோடு பாப்பாத்தி. முன்னால் பாத்தி நிறைய, இன்னும் வாராத உப்பு. அது அத்தனையும் வெள்ளை.

"இன்னா சார் இது... பாலாட்டம் இருக்குது." போர்த்தியிருந்த துணி தோளிலிருந்து நழுவியதுகூட பாப்பாத்திக்குத் தெரியவில்லை. பலகை வைப்பதற்கு முன்னால் உப்பு வெள்ளை, வைத்த பிறகு பழுப்பு என்றால், கெடுத்தது அவரேதான். நம்பி வந்த சாட்சியே எதிராகத் திரும்பிவிட்டது. அதைப் பார்க்கச் சிங்காரத்தையும் அவரே அழைத்திருக்கிறார்.

இவள்தான் மண்ணைக் கிளப்பியிருப்பாளோ என்று ஒரு கணம் தட்சணாமூர்த்திக்கும் தோன்றியது. ஆனால் அவருடைய சந்தேகம் ஓர் ஆளோடு நிற்பதில்லை. படத்தை நிறுத்திவிட்டுக் கண்ணைத் திரையில் ஒட்டினார். கிளாப் பலகையின் வெள்ளை ஓரம் இளநீலமாக இருந்தது; டேபிளை எடுத்துவிட்டுப் பார்த்தாலும் அந்த நீலம் போகவில்லை.

"அந்தக் குடம் இன்னா கலரு?"

"கிளிப் பச்சைங்க."

திரையில் அது மயில் கழுத்து நிறத்தில் இருந்தது. "அந்த கேமராகாரரு ஷாட் எடுக்கறதுக்கு முன்னாடி எதையாவது கிட்டக்க வெச்சி புடிச்சாரா?"

"ஆமாங்க. எம்பாத்தி உப்பத்தான். ஆளே இல்லாத உப்ப எதுக்குப் புடிக்கிறாருன்னு நெனச்சேன்."

தட்சணாமூர்த்திக்குப் புரிந்துவிட்டது. உப்பு வெள்ளை என்று உலகமே நம்புகிறது. கேமராமேன் அந்த வெயிலில் உப்பைப் பார்க்கவில்லை, நம்பினார். பழுப்பைக் காட்டி இதுதான் வெள்ளை என்று சொல்ல, கேமரா படம் முழுக்க நீலத்தை ஏற்றி அந்தப் பழுப்பை ஒரு சொட்டு விடாமல் துடைத்துவிட்டது. உப்பில் வைத்துக்கொள்ளச் சொன்னது யார்? அவருக்கு வெட்கமாக இருந்தது. அன்றைக்கு அவர் சரியாகச் சாப்பிடவில்லை என்கிறார் சாமுண்டீஸ்வரி.

"நாளைக்கு அந்தக் குடத்த எடுத்துக்கினு வா" என்று மட்டும் சொல்லி அனுப்பினார்.

மறுநாள் காலை குடம் வந்தது. அதையும் அவர் லேசில் நம்பவில்லை. கழுத்தில் விரிசல் விட்ட இடத்தில் கறுப்புப் பிளாஸ்டிக்கைச் சூடு வைத்து ஒட்டியிருந்தது. திரையிலும் அதே இடத்தில் அதே ஒட்டு இருக்கிறதா என்று மூன்று முறை பார்த்தார். பிறகு அடுத்த சந்தேகம். "மே மாசத்து குடம் இது. மூணு மாச வெயில்ல கலரு போயிருக்கும்ல?"

"வேலையே இல்லாதப்ப வெயிலு ஏது சார்? அன்னியிலருந்து வூட்டுக்குள்ளதான் கெடக்குது."

அதற்குமேல் அவர் ஒன்றும் கேட்கவில்லை.

பத்து மணிக்குச் சிங்காரம் வந்தார். பளிச்சென்று வெள்ளைச் சட்டை, வெள்ளை வேட்டி. "எனக்கு எதுக்குப்பா துணி, வெள்ளைதான போட்டிருக்கேன்" என்றார்.

"வெள்ளைன்னு யாரு சொன்னது? சொட்டு நீலம். போத்திக்குங்க சிங்காரண்ணே."

படம் ஓடியது. சிங்காரத்தின் முகம் மலர்ந்தது. "பாத்தியா பாப்பாத்தி? சினிமாவுலயே சொல்லுது. எப்பிடி இருந்த உப்பு!" பாப்பாத்தி கதவோரமாக நின்று தரையைப் பார்த்தார்.

"அண்ணே, இந்தப் படத்துல கலரு தப்பா இருக்குது. சரி பண்ணணும்" என்றார் தட்சணாமூர்த்தி.

"ஏம்பா மூர்த்தி, கம்ப்யூட்டர வெச்சிக்கினு கழுதைய குதிரையாக்குவ நீ. நீ பண்ணா நான் ஒத்துக்க மாட்டேன்."

"நான் எங்க பண்ணப்போறேன்? நீங்கதான் பண்ணப்போறீங்க."

ஒரு சாம்பல் அட்டையை எடுத்துத் திரைமேல் ஒட்டினார். அதில் எலுமிச்சம்பழம் அளவுக்கு ஓர் ஓட்டை. ஓட்டை வழியாகக் குடத்தின் வயிறு மட்டும் தெரிந்தது, உப்பு முழுக்க மறைந்துபோனது. நிஜக் குடத்தை டிவிக்குப் பக்கத்தில் வைத்து, தான் நம்பும் ஒரே விளக்கை அதன்மேல் போட்டார். மவுஸைச் சிங்காரத்தின் கையில் கொடுத்தார்.

"இப்பிடி இழுத்தா நீலம், அப்பிடி இழுத்தா மஞ்சள். அந்தக் குடமும் இந்தக் குடமும் ஒண்ணாத் தெரியற வரைக்கும் இழுங்க. எப்ப ஒண்ணாச்சின்னு நீங்களே சொல்லுங்க."

சிங்காரத்துக்கு அது விளையாட்டாகத்தான் தெரிந்தது. இழுத்தார். குடம் நீலமாகவே போயிற்று. "அய்யய்ய" என்று மறுபக்கம் இழுத்தார். மயில் கழுத்து மெல்லப் பச்சையாகி, கிளிப் பச்சைக்கு வந்தது. இன்னும் கொஞ்சம் இழுத்து, அதிகமாகிவிட்டதென்று தாமே குறைத்து, நிஜக் குடத்தையும் திரையையும் மாறி மாறிப் பார்த்து, கடைசியில் திருப்தியாக, "ஆச்சுப்பா. ரெண்டும் ஒண்ணுதான்" என்றார்.

"நல்லாப் பாத்துக்கினீங்களா?"

"ஏம்பா, எனக்கு கண்ணு இல்லியா? ஒண்ணுதான்."

தட்சணாமூர்த்தி அட்டையைப் பிரித்து எடுத்தார்.

பாத்தி நிறைய உப்பு பழுப்பாகக் கிடந்தது. வெல்லம் கரைத்த தண்ணீர் உலர்ந்துபோன மாதிரி. பக்கத்தில் பலகையைத் தொடாமல், வெறும் குடத்தோடு நிற்கிறார் பாப்பாத்தி. கிளாப் பலகையின் ஓரம் இப்போது வெள்ளையாக இருந்தது. சிங்காரம் மவுஸை மெல்லப் பின்னால் இழுத்தார். உப்பு வெளுத்தது, குடம் நீலமானது. பக்கத்திலிருந்த பச்சைக் குடத்தைப் பார்த்தார். மறுபடியும் முன்னால் கொண்டுவந்து விட்டுவிட்டுக் கையை எடுத்தார்.

"கடலு வந்த வருஷம்... பாதி ஆளு வேலைக்கே வரல. சீக்கிரம் தண்ணி கட்டணும்னுதான் பாத்தேன்" என்றார் யாரையும் பார்க்காமல். பிறகு தரையைப் பார்த்து, "தை பொறந்ததும் பாத்தி மிதிக்க வந்துடு. உம்மேல தப்பில்லன்னு மத்தவங்ககிட்ட நான் சொல்லிக்கறேன்."

பாப்பாத்தி முகத்தை முந்தானையில் துடைத்துக்கொண்டார். சிங்காரம் எழுந்தார்.

"கொஞ்சம் இருங்க அண்ணே." தட்சணாமூர்த்தி பீரோவைத் திறந்து, காதுகுத்து, வளைகாப்புக்கு எடுத்துப்போகும் சின்னக் கேமராவை வெளியே எடுத்தார். "இப்ப சொன்னீங்களே, அதயே இதப் பாத்து இன்னொரு வாட்டி சொல்லிடுங்க."

"என்னை நம்ப மாட்டியாப்பா?"

தட்சணாமூர்த்தி கேமராவை மேசைமேல் வைத்தார். பீரோவிலிருந்து துணிப்பையை எடுத்தார், பையிலிருந்து உறையை எடுத்தார், உறையிலிருந்து அந்த வெள்ளை அட்டையை நுனிவிரலால் உருவினார். ஒரு கணம் தயங்கிவிட்டு, அதைப் பாப்பாத்தியிடம் நீட்டினார். உப்பு தின்று வெடித்த விரல்களைப் பாப்பாத்தி அவசரமாகச் சேலையில் துடைக்கப் போனார்.

"பரவால்ல, புடிம்மா. அவரு மொகத்தாண்ட."

பாப்பாத்தி அட்டையை இரண்டு கையாலும் பிடித்துச் சிங்காரத்தின் தாடைக்குக் கீழே உயர்த்தினார். தட்சணாமூர்த்தி கேமராவில் கண்ணை வைத்தார்.