வெள்ளைச் சட்டை நாள்

என் பெரியப்பா அரசு ஆஸ்பத்திரியில் பாய்லர்காரர். நோயாளிகளின் துணியை அவிக்க நீராவி வேண்டும். அதைக் கிளப்பும் கிழட்டு இரும்புப் பூதம் அவர் கைக்குத்தான் அடங்கும். தலை கறுப்பாக இருந்தபோது தற்காலிகமாகச் சேர்ந்தவர், நரைத்துப் பஞ்சான பிறகும் தற்காலிகம்தான். வருஷத்துக்கு ஒரு நாள் அவரை வேலையைவிட்டு நீக்கி, மறுநாள் புதிதாகச் சேர்த்துக்கொள்வார்கள். தொடர்ந்து வேலை பார்த்தேன் என்று நாளைக்கு உரிமை கேட்டுவிடக் கூடாதாம். எந்தப் புண்ணியவானின் மூளையில் உதித்ததோ, நன்றாக இருக்கட்டும்.

தினமும் காக்கியில் போகிறவர், வேலையில்லாத அந்த ஒரு நாள் மட்டும் இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையும் படிய வாரிய தலையுமாக, கையில் பிளாஸ்க்குடன் கிளம்புவார். எங்கே என்றால், "சும்மா, ஒரு வேலையா" என்பார். வேலையே இல்லாத நாளில் என்ன வேலை? பெரியம்மா வாயைத் திறக்க மாட்டார். அதே வீட்டில் அடுத்த அறையில் இருந்த என் அம்மாவுக்குத்தான் மண்டை வெடித்தது. தெருவில் எவர் வீட்டுக் கதவு சாத்தினாலும் காரணம் தெரிந்தாக வேண்டியவள் அவள்.

"உங்க அண்ணனுக்கு இன்னொரு குடும்பம் இருக்கு" என்று அப்பாவிடம் அடித்துச் சொன்னாள்.

"நீ உன் வேலையைப் பாரு" என்றார் அப்பா.

அம்மா அதைத்தான் பார்த்தாள். தலையில் முக்காட்டைப் போட்டுக்கொண்டு பெரியப்பா பின்னாலேயே போனாள். திரும்பி வந்து யாரிடமும் மூச்சு விடவில்லை. அதுவே அதிசயம்.

பெரியப்பாவுக்கு வயதாகி வேலை முடிந்தது. ஓய்வூதியம் கேட்டால், வருஷா வருஷம் பணி முறிந்திருக்கிறது, கிடையாது என்றார்கள். புகை தின்ற நெஞ்சோடு ஏதோ ஒரு கிடங்கில் காவலுக்கு நிற்பதைத் தவிர அவருக்கு வேறு வழியில்லை. மேல்முறையீட்டு விசாரணைக்குக் குடும்பத்தோடு போனோம்.

"நீக்கின நாள்லயும் வேலை செஞ்சேன்னு சொல்றீங்க. யாராவது பாத்தாங்களா?" என்று கேட்டார் விசாரித்த பெண் அதிகாரி.

கூட வேலை பார்த்தவர்கள் பயந்து வரவில்லை. வந்திருந்த சலவைப் பிரிவு சூப்பரின்டெண்ட், ஞாபகம் இல்லை என்று கூரையைப் பார்த்தார். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. அப்போது பின் பெஞ்சிலிருந்து அம்மா எழுந்தாள்.

"நான் பாத்தேம்மா. நோயாளியைப் பாக்க வர்றவர் மாதிரி, பிளாஸ்க்கோட, பார்வை நேரத்துல உள்ளே போவார். நேரா பாய்லர் ரூம். வெள்ளைச் சட்டையை ஆணியில மாட்டிட்டுப் பத்த வைப்பார்."

"நீங்க எதுக்கு அவர் பின்னாடி போனீங்க?"

அம்மா பெரியம்மா பக்கம் திரும்பவே இல்லை. "சின்ன வீடு வச்சிருக்காரோன்னு சந்தேகம்."

அறையே சிரித்தது. பெரியப்பா தலையைக் குனிந்துகொண்டார்.

"சரி, அது ஒரு வருஷம். மத்த வருஷம்?"

"எல்லா வருஷமும் போனேன்."

"முதல் தடவையே தெரிஞ்சுபோச்சே?"

"இந்த வருஷம் பாய்லர்னா அடுத்த வருஷமும் பாய்லர்தான்னு எப்படிம்மா நம்புறது? ஆம்பளைங்க."

அதிகாரி சிரிப்பை அடக்கிக்கொண்டு சூப்பரின்டெண்டைப் பார்த்தார். "இவர் வரலைன்னா அன்னைக்கெல்லாம் பாய்லரைப் பத்த வச்சது யாரு?" அவர் மறுபடியும் கூரையைப் பார்த்தார்.

"வீட்லகூட ஏன் சொல்லலை?" என்று பெரியப்பாவைக் கேட்டார் அதிகாரி.

"வெளியே தெரிஞ்சா மறுநாள் சேர்த்துக்க மாட்டேன்னு இந்த சூப்பரின்டெண்ட் சார்தான் சொன்னார். போகாமலும் இருக்க முடியாது. ஆபரேஷன் தியேட்டருக்குத் துணி வேணுமே."

பணி முறியவில்லை, ஓய்வூதியம் உண்டு என்று அடுத்த மாதம் உத்தரவு வந்தது. பெரியப்பா அதைத் திருப்பித் திருப்பி வாசித்தார். விசாரணை நாளிலிருந்து அம்மாவிடம் பேசாமல் இருந்த பெரியம்மா அன்றைக்குத்தான் எங்கள் அறைக்கு வந்தார்.

"முதல் வருஷமே உனக்குத் தெரியும் இல்ல? என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லக் கூடாதாடி? யாரைப் பாக்கப் போறார்னு தெரியாமலே அந்தச் சட்டையை வருஷா வருஷம் இஸ்திரி போட்டுக் குடுத்தவ நான்."