நான்கு அலமாரிகளில் டெல்பின்

நூலகத்தில் நாற்காலி காலியாகத்தான் கிடக்கிறது. பிலோமினா அதில் உட்காரமாட்டார். அலமாரிக்கு நேராகத் தரையில் சம்மணம் போட்டு, ஒரு நாவல், உப்பளப் பெண்களைப் பற்றிய ஆய்வு, கொலை வழக்குகளின் தொகுப்பு என மூன்றையும் மடியில் குவித்துக்கொண்டு மாற்றி மாற்றிப் புரட்டுகிறார். "ஒண்ண மட்டும் வாசிச்சா அவன் சொன்னதுதான் வேதம்னு ஆயிரும். எல்லாத்தையும் வாசிச்சாத்தான் எவன் புளுகுதான்னு தெரியும்" என்பது அவர் கட்சி.

நூலகர் செண்பகம் கிண்டல் செய்வார்: "அக்கா, ஒரு தடவயாவது சமையல் புத்தகம் எடுங்களேன்."

"சமைக்கத் தெரியும்ளா. மனுசங்களத்தான் இன்னும் வெளங்கல."

துறைமுகத்துக்குப் பக்கத்தில் ஒரு கிளியரிங் அலுவலகத்தில் அவருக்கு வேலை. கப்பலேறும் சரக்கின் விவரங்களை நாள் முழுக்கக் கம்ப்யூட்டரில் ஏற்றுவார். மத்தியானம் டிபன் பாக்ஸ் மூடியைப் புத்தகத்தின்மேல் பாரமாக வைத்து, இடதுகைச் சுண்டுவிரலால் பக்கத்தைத் தள்ளியபடியே சாப்பிடுவார். திரும்பி வரும் புத்தகமெல்லாம் மீன்குழம்பு மணக்கிறது என்று செண்பகத்துக்குத் தீராத குறை. எழுதியவர்மேல் கோபம் வந்தால் பின்னட்டைப் படத்தைப் பார்த்து, "ஏலே, ஒனக்கு யாருல சொன்னா?" என்று கேட்டுவிட்டு, அந்தப் புத்தகத்தை ஒரு நாள் சுவரைப் பார்க்கத் திருப்பி வைத்துவிடுவார். தண்டனையாம்.

சிரிக்கலாம். ஆனால் இது பொழுதுபோகாமல் வந்த வாசிப்பு அல்ல. பிலோமினாவின் அக்கா டெல்பின் இறால் கம்பெனியில் வேலை பார்த்தவர். போகாதே என்று சொல்லியும் வேலைக்குப் போனதற்காகக் கணவன் ஆன்றோ அவரைக் கழுத்தை நெரித்துக் கொன்றான். ஆன்றோ வேறு யாருமல்ல, சொந்த அத்தை மகன். சிறைக்குப் போனான், திரும்பி வந்தான், இன்னொரு கல்யாணமும் முடித்தான்.

ஓய்வுபெற்ற போலீஸ் அதிகாரி ஒருவரின் புத்தகத்தில் அந்தக் கொலைக்கென்று ஓர் அத்தியாயம் இருந்தது தற்செயலாகத்தான் கண்ணில் பட்டது. அதில் டெல்பின் 'நடத்தையில் சந்தேகத்துக்கு இடமான அழகி'. அன்று தொடங்கிய தேடல் இது. ஆய்வு நூலொன்றில் அவர் பெயரில்லாத 'கடலோரப் பெண் ஒருவர்'. ஒரு நாவலில், கம்பெனியும் கணவனும் அப்படியே இருக்க, கதாநாயகனுக்குக் கோபம் வரவேண்டும் என்பதற்காக இரண்டே பக்கத்தில் செத்துப்போகிறார். ஐஸ் பிடித்து மரத்துப்போன விரலோடு தங்கைக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்த டெல்பினை ஒரு புத்தகத்திலும் காணோம். எழுத வந்தவர்களில் ஒருவருக்குக்கூடவா அந்த வீட்டுக் கதவைத் தட்டத் தோன்றவில்லை?

"அவங்க அசலாளு, போவட்டும்" என்று பிலோமினா பொறுத்துக்கொண்டார். போன மாதம் குடும்பச் சங்கத்தார் வம்சாவளிப் புத்தகம் அச்சிட்டு, வெளியீட்டு விழாவுக்கு முன்னதாகவே வாட்ஸ்அப்பிலும் அனுப்பினார்கள். அதில் அப்பாவுக்கு ஒரே மகள், பிலோமினா. ஆன்றோ இருக்கிறான், இரண்டாவது மனைவியோடும் பிள்ளைகளோடும்.

சங்கத் தலைவர் தேவதாசன் சித்தப்பாவுக்குப் பிலோமினா உடனே போன் போட்டார்.

"வாரிசு இல்லாதவங்கள போடலம்மா."

"கொழும்புல கல்யாணமே முடிக்காம செத்த பாட்டையா மட்டும் போட்டோவோட இருக்காரே?"

"அவரு தோணி வச்சிருந்தாருல்லா. பழச எதுக்குக் கெளறுத?"

கொன்றவனுக்கு வம்சம் உண்டு, செத்தவளுக்கு ஒரு வரி கிடையாது. இதை வரலாறு என்று வேறு சொல்லிக்கொள்கிறார்கள்!

விழாவில் குடும்பம் குடும்பமாகப் பெயர் கூப்பிட்டு மேடையில் புத்தகம் கொடுத்தார்கள். பிலோமினாவின் முறை வந்ததும் தேவதாசன் ஒரு பிரதியை நீட்டினார். போட்டோக்காரர் சிரிக்கச் சொன்னார். பிலோமினா அதை வாங்கி, அப்பா பெயருள்ள பக்கத்தைப் பிரித்து, மேஜைமேல் அவர் முன்னாலேயே வைத்தார்.

"என்னம்மா இது? வேணும்னா அவ பேர நீயே எழுதிக்கோ."

"நான் எழுதுனா என் புத்தகத்துல மட்டுந்தான் இருக்கும் சித்தப்பா. நீங்க எழுதணும். இதுல ஆரம்பிங்க, மத்த புத்தகமெல்லாம் அந்தா கட்டுக்கட்டா இருக்கு."

பின்னால் வரிசை நகராமல் நின்றது. மின்விசிறிக் காற்றில் பக்கம் படபடத்தது. பிலோமினா தன் பேனாவை மூடி கழற்றி அவர் கையில் திணித்தார். பிறகு தாள் புரண்டுவிடாதபடி, அப்பாவின் பெயருக்குக் கீழே கொஞ்சம் இடம் விட்டு, உள்ளங்கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டு நின்றார்.